அத்தை நிற்கிறார், மாமா ஜெயிக்கிறார்: சென்னையில் இருந்தபடி ஊராட்சித் தேர்தல் வேலை பார்க்க ஒரு முழுமையான வழிகாட்டி

சென்னையில் வேலை பார்ப்பவர்களுக்கு ஊரிலிருந்து நேரங்கெட்ட நேரத்தில் இரண்டு வகை போன்தான் வரும். ஒன்று, யாரோ தவறிவிட்ட சேதி. இன்னொன்று, மாமா தேர்தலில் நிற்கப்போகிற சேதி. முதலாவதற்கு ஒரு நாள் லீவும் ஒரு மாலையும் போதும். இரண்டாவதற்கு என்னென்ன தேவைப்படும் என்று யாரும் எழுதிவைத்ததாகத் தெரியவில்லை.

அம்பத்தூர் எஸ்டேட்டில் ஷிப்ட் பார்ப்பவர், வேளச்சேரியில் ஐடி கம்பெனியில் இருப்பவர், கொளத்தூரில் மளிகைக் கடை வைத்திருப்பவர், இவர்களில் ஊரில் ஒரு பாகம் வீடும் தலைவர் பதவிக்கு ஆசைப்படும் ஒரு மாமாவும் உள்ள எல்லோருக்கும் இது பொருந்தும். ஊர் திண்டிவனம் பக்கம் என்று வைத்துக்கொண்டு எழுதுகிறேன். உங்கள் ஊர் வந்தவாசி, பண்ருட்டி பக்கம் என்றால் டோல்கேட் மாறும். மாமா மாறமாட்டார்.

ஒரு விஷயத்தை முதலிலேயே ஒப்புக்கொண்டுவிடலாம். 2022 பிப்ரவரியில் சென்னை மாநகராட்சிக்குத் தேர்தல் நடந்தபோது நூற்றுக்கு ஐம்பது பேர்கூட ஓட்டுப் போடவில்லை. வாக்குச்சாவடி அடுத்த தெரு பள்ளிக்கூடத்தில் இருந்தது, அன்று சனிக்கிழமை வேறு. 2019 டிசம்பரில் நடந்த ஊரகத் தேர்தலில் இரண்டு கட்டங்களிலும் 75 சதவீதத்தைத் தாண்டியது. அடுத்த தெருவுக்கு நடக்காத அதே ஆள், 120 கிலோமீட்டர் நின்றுகொண்டே பயணம் செய்து ஊருக்குப் போய் வரிசையில் நிற்பான். இங்கே கவுன்சிலர் யாரென்று அவனுக்குத் தெரியாது. அங்கே தோற்றவன் யாரென்று நேரில் பார்த்தாக வேண்டும். இந்த வழிகாட்டி முழுவதும் அந்த ஆசையை நம்பித்தான் ஓடுகிறது.

முதல் படி: காத்திருங்கள்

1992-ல் வந்த 73-வது அரசியல் சட்டத் திருத்தம், ஐந்து ஆண்டுக்கு ஒருமுறை ஊராட்சித் தேர்தல் என்று சொல்கிறது. 1994-ல் தமிழ்நாடு ஊராட்சிகள் சட்டம் வந்தது, 1996-ல் அந்தச் சட்டப்படி முதல் தேர்தல் நடந்தது. அதற்குப் பிறகு காலண்டர் தன் இஷ்டத்துக்குப் போனது. 2016 அக்டோபரில் நடக்கவிருந்த தேர்தலை உயர் நீதிமன்றம் ரத்து செய்தது. மூன்று வருடம் அரசு நியமித்த தனி அலுவலர்கள்தான் ஊரை ஆண்டார்கள். 2019 டிசம்பர் 27, 30 தேதிகளில் 27 மாவட்டங்களுக்கு மட்டும் தேர்தல். மாவட்டங்களைப் பிரித்த குழப்பத்தில் விடுபட்ட விழுப்புரம் உள்ளிட்ட ஒன்பது மாவட்டங்களுக்கு 2021 அக்டோபர் 6, 9. 2019-ல் தேர்தல் நடந்த மாவட்டங்களின் பதவிக்காலம் 2025 ஜனவரி 5-ல் முடிந்ததும் அந்த ஊர்களுக்கு மறுபடி தனி அலுவலர்கள் வந்துவிட்டார்கள்.

ஆக, தேதி கேட்டு மாமாவை நச்சரிக்காதீர்கள். தேதி இல்லாத காலத்தில்தான் மாமா முழுமூச்சாக வேலை செய்வார். ஊரில் எந்த வீட்டில் காதுகுத்து, மஞ்சள் நீராட்டு, கருமாதி என்றாலும் முதல் நாற்காலியில் இருப்பார். கல்யாணப் பேனரில் அவர் படத்துக்குக் கீழே “வருங்காலத் தலைவர்” என்று போடுவார்கள். அந்தப் பேனருக்கும் காசு கொடுத்தது அவர்தான் என்பது மேடையில் இருக்கும் எல்லோருக்கும் தெரியும். மொய் மட்டும் உங்களிடமிருந்து வரும். “இன்னா மாப்ள, ஜிபேல ஒரு அஞ்சு போட்டு வுடேன், தேர்தல் முடிஞ்சதும் பாத்துக்கலாம்” என்பார். எந்தத் தேர்தல் என்று கேட்கக் கூடாது.

இரண்டாம் படி: உங்கள் ஓட்டு எங்கே இருக்கிறது என்று பாருங்கள்

உள்ளாட்சித் தேர்தலின் வாக்காளர் பட்டியல் தனியாக எங்கோ தயாராவதில்லை. சட்டமன்றப் பட்டியலை வார்டு வாரியாகப் பிரித்துக்கொள்கிறார்கள். அதனால் 2025 நவம்பரில் தொடங்கிய சிறப்புத் தீவிரத் திருத்தத்தின்போது நீங்கள் கொடுத்த படிவம்தான் மாமாவின் தலையெழுத்து. அந்த மாதம் பல வீடுகளில் இரண்டு படிவம் வந்து சேர்ந்தது. ஒன்று வாடகை வீட்டு வாசலில், இன்னொன்று ஊரில் அத்தை கையில். இரண்டு இடத்தில் பெயர் வைத்திருப்பது குற்றம். சட்டம் நீங்கள் வழக்கமாக எங்கே குடியிருக்கிறீர்கள் என்று கேட்கிறது. மாமா நீங்கள் யாருக்குப் பிறந்தவர் என்று கேட்பார்.

சென்னையில் ஒரு மாநகராட்சி வார்டு என்றால் 2022 கணக்குப்படி சராசரியாக முப்பதாயிரம் வாக்காளர்கள். அதில் நீங்கள் இருந்தால் என்ன, இல்லாவிட்டால் என்ன. ஊராட்சி வார்டில் இருப்பது சில நூறு பேர். அங்கே உங்கள் ஓட்டுக்குப் பெயர் உண்டு, அப்பா பெயர் உண்டு, போன தடவை யாருக்குப் போட்டீர்கள் என்று ஊருக்கே ஒரு யூகமும் உண்டு. இந்த மரியாதைக்காகவே பலர் பதினைந்து வருடமாக மடிப்பாக்கத்தில் குடியிருந்துகொண்டு ஓட்டை மட்டும் ஊரில் விட்டுவைத்திருக்கிறார்கள். மடிப்பாக்கமே 2011 வரை ஊராட்சியாகத்தான் இருந்தது. கொட்டிவாக்கம், பாலவாக்கம், நீலாங்கரை, ஈஞ்சம்பாக்கம் எல்லாம் அப்படித்தான். அந்த வருடம் 25 ஊராட்சிகளை மாநகராட்சி விழுங்கியது. அந்த ஊர்களின் மாமாக்கள் அப்புறம் என்ன ஆனார்கள் என்று கவலைப்படாதீர்கள். அவர்கள் ரியல் எஸ்டேட்டில் இருக்கிறார்கள்.

மூன்றாம் படி: அரசிதழைப் படியுங்கள், அத்தையிடம் பேசுங்கள்

எல்லாத் தயாரிப்பும் முடிந்து, மாமா வெள்ளைச் சட்டை நாலு தைத்துக்கொண்ட பிறகு இடஒதுக்கீட்டு அறிவிப்பு வரும். தமிழ்நாட்டில் 2016 முதல் உள்ளாட்சிப் பதவிகளில் பாதி பெண்களுக்கு. உங்கள் ஊர் “பொது (பெண்கள்)” என்று வந்திருக்கும். மாமா அரை நாள் யாருடனும் பேசமாட்டார். மத்தியானத்துக்கு மேல் எழுந்து முகம் கழுவிக்கொண்டு, “சரி, உங்க அத்தைய நிக்க வச்சிட்றேன்” என்பார்.

அத்தையிடம் இதை யாராவது சொன்னார்களா என்பதை நீங்கள்தான் விசாரிக்க வேண்டும். பெரும்பாலும் போஸ்டர் வந்த பிறகுதான் அவருக்குத் தெரியவரும். அந்தப் போஸ்டரை அச்சடிப்பது உங்கள் பொறுப்பு. திருவல்லிக்கேணியில் நல்ல அச்சகங்கள் இருக்கின்றன. நீங்கள் டிசைன் செய்யும்போது அத்தையின் படமாக ஆதார் அட்டையில் இருப்பதுதான் கிடைக்கும். முறைத்துக்கொண்டிருப்பார். மாமா கைகூப்பியபடி ஸ்டுடியோவில் எடுத்த முழுப் படம் அனுப்புவார். “இவரது துணைவியார்” என்ற வரி எந்த அளவு எழுத்தில் வர வேண்டும் என்று மூன்று முறை போன் வரும். அச்சகத்தின் பெயர், முகவரி, எத்தனை படி அடித்தது என்பதைக் கீழே போட மறக்காதீர்கள், அது சட்டம். ஃப்ளெக்ஸ் வேண்டாம். 2019 செப்டம்பரில் பள்ளிக்கரணையில் பேனர் விழுந்து ஒரு இளம்பெண் செத்த ரோட்டில்தான் உங்களில் பாதிப் பேர் தினமும் வண்டி ஓட்டுகிறீர்கள்.

தலைவர் பதவி பட்டியல் சமூகத்துக்கு ஒதுக்கப்பட்டிருந்தால் இந்த வழிகாட்டியில் உள்ள எந்தக் கிண்டலும் வேலைக்கு ஆகாது. மதுரை மாவட்டம் மேலவளவில் அப்படி ஒதுக்கிய பதவியில் ஜெயித்த முருகேசனை 1997 ஜூன் 30 அன்று பஸ்ஸை மறித்து வெட்டிக் கொன்றார்கள். அவரோடு இருந்த மற்றவர்களையும் கொன்றார்கள். பாப்பாபட்டி, கீரிப்பட்டி, நாட்டார்மங்கலம், கொட்டக்கச்சியேந்தல் ஆகிய நான்கு ஊர்களில் 1996 முதல் 2006 வரை தேர்தலை ஒழுங்காக நடத்தவே விடவில்லை. 2020-லும் கடலூர் மாவட்டத்தில் ஒரு பெண் தலைவரைக் கூட்டத்தில் தரையில் உட்காரவைத்த படம் வெளிவந்தது. உங்கள் ஊரில் அப்படி ஒதுக்கீடு வந்து, “நம்ம சொல்ற ஆளா ஒருத்தர நிறுத்திக்கலாம்” என்று மாமா போன் செய்தால், போனை வைத்துவிடுங்கள். அதற்குப் படி எதுவும் இங்கே கிடையாது.

நான்காம் படி: நோட்டு

ஒவ்வொரு கோஷ்டியிலும் ஒரு நோட்டு இருக்கும். நீளவாக்கில் திறக்கும் கணக்கு நோட்டு, அட்டையில் பிள்ளையார் சுழி. எழுதுகிறவர் ரிட்டையர்டு ஆன ரேஷன் கடைக்காரராகவோ பால் சொசைட்டிக்காரராகவோ இருப்பார், ஏனென்றால் எந்த வீட்டில் எத்தனை வாய் என்று அவருக்குத்தான் தெரியும். கோயில் திண்ணையில் உட்கார்ந்து கதவிலக்கம் வரிசையாகப் படிப்பார். ஒரு பக்கம் இப்படி இருக்கும்:

“கெழக்குத் தெரு பதினாலு. மூத்தவன் நம்மள்து. சின்னவன் அவுங்களுது, நெலத் தகராறு. மருமவ ரெண்டும் அவுங்கவுங்க அம்மா வூட்டுப் பக்கம் சாயும். கெழவி கடைசியா யாரப் பாக்குதோ அவுங்களுக்கு.”

“பதினஞ்சு. பூட்டிக் கெடக்குது. நாலு ஓட்டு. செ.”

அந்த ‘செ’தான் சென்னை. உங்கள் உத்தியோகமே அந்த ஒற்றை எழுத்து. சின்ன ஊராட்சியில் முப்பது நாற்பது ஓட்டில் தலைவர் மாறிவிடுவார். பூட்டிய வீடுகளை மட்டும் கூட்டிப்பார்த்தால் அதைவிட அதிகம் வரும். எனவே நீங்கள் செய்ய வேண்டியது, ‘செ’ குறி போட்ட ஒவ்வொரு பெயரும் சென்னையில் எங்கே இருக்கிறது என்று கண்டுபிடிப்பது. பாதிப் பேர் பழைய நம்பரில் இருக்கமாட்டார்கள். இதற்கு எளிய வழி ஒன்று உண்டு. ஊர்த் திருவிழா வசூலுக்கு என்று ஒரு வாட்ஸ்அப் குழு ஏற்கெனவே இருக்கும். அதில் யாராவது இறந்த செய்தி வந்ததும் கைகூப்பிய படம் போடுகிறவர்களைக் குறித்துக்கொள்ளுங்கள். அவர்கள் நடப்பில் உள்ள எண்கள்.

எதிர் கோஷ்டியிலும் ஒரு சென்னை மருமகன் இருப்பான். அவன் அநேகமாக உங்களோடு ஒன்றாம் வகுப்பு படித்தவன், இப்போது பல்லாவரத்தில் இருக்கிறான். இருவரும் ஒரே ஆளுக்கு அடுத்தடுத்து போன் செய்வீர்கள். அந்த ஆள் இருவரிடமும், “ஒனக்கில்லாமயா மச்சான்” என்பார். நோட்டில் இரண்டு பக்கமும் டிக் விழும். எல்லா ஊரிலும் இரண்டு நோட்டையும் கூட்டினால் மொத்த வாக்காளரைவிட அதிகமாக வருவது இதனால்தான்.

ஐந்தாம் படி: கட்சி இல்லை என்று நம்புங்கள்

ஊராட்சித் தலைவர், வார்டு உறுப்பினர் பதவிகளுக்குக் கட்சி சார்பற்ற தேர்தல். கட்சிச் சின்னம் ஒன்றிய வார்டு, மாவட்ட வார்டு உறுப்பினர்களுக்கு மட்டும். அதனால் மனுத் தாக்கல் அன்று மாமா கரை வேட்டியை மடித்து வைத்துவிட்டு மயில்கண் பார்டர் கட்டிக்கொள்வார். முப்பது வருடமாக ஒரே கரையில் பார்த்த மனிதரை அப்படிப் பார்த்ததும் ஊர் நாய்கூடக் குரைக்கும். ஒன்றியச் செயலாளர் சொந்தக்காரர் என்ற முறையில் வருவார். எதிர்த்து நிற்பவருக்கும் அதே ஒன்றியச் செயலாளர் சொந்தக்காரர் என்ற முறையில் போய்ப் பார்ப்பார். ஜெயித்தவர் எங்கள் ஆள் என்று மறுநாள் இரண்டு கட்சிகளும் அறிக்கை விடும், சில நேரம் ஒரே ஆளைக் குறித்து.

மனுவோடு கட்ட வேண்டிய டெபாசிட் தலைவருக்கு 600 ரூபாய், வார்டு உறுப்பினருக்கு 200. பட்டியல் சமூகத்தாருக்கும் பழங்குடியினருக்கும் பாதி. ஊராட்சிக்கு வரி பாக்கி இருக்கக் கூடாது. இதனால் மனுத் தாக்கல் வாரத்தில் ஊராட்சிச் செயலர் திக்குமுக்காடிப் போவார். குழாய் வரி என்று ஒன்று இருப்பதே மாமாவுக்கு அன்றுதான் தெரியும். வயது 21 ஆகியிருந்தால் போதும் என்பதால் உங்கள் ஒன்றுவிட்ட தங்கையை டம்மி வேட்பாளராகப் போடச் சொல்வார்கள். அவள் படித்தவள், ஜெயித்துவிடுவாளோ என்று பயந்து கடைசி நாளில் வாபஸ் வாங்கவைப்பார்கள்.

சின்னம் தேர்தல் ஆணையம் வைத்திருக்கும் பட்டியலிலிருந்து வரும். பூட்டு சாவி வந்தால் அதிர்ஷ்டம், பொருளை எடுத்துக் காட்டலாம். ஆட்டோ வந்தால் ஊரில் இருக்கும் ஒரே ஆட்டோக்காரர் அடுத்த இரண்டு வாரத்துக்கு யாருக்கும் கிடைக்கமாட்டார்.

ஆறாம் படி: 34,000 ரூபாய்

ஊராட்சித் தலைவர் வேட்பாளர் செலவழிக்கக்கூடிய உச்ச வரம்பு 34,000 ரூபாய். வார்டு உறுப்பினருக்கு 9,000. ஒன்றிய வார்டுக்கு 85,000, மாவட்ட வார்டுக்கு 1,70,000. 2019 தேர்தலுக்கு மாநிலத் தேர்தல் ஆணையம் வைத்த கணக்கு இது. இதைப் படித்துக் காட்டியபோது மாமா, “ஒரு நாளைக்கா?” என்று கேட்டால் ஆச்சரியப்படாதீர்கள்.

கணக்கை எழுதப்போவது நீங்கள்தான், எக்செல் தெரிந்தவர் என்ற பாவத்துக்கு. இரண்டு தாள் திறந்துகொள்ளுங்கள். முதல் தாளில் டெபாசிட், துண்டறிக்கை, ஆட்டோவில் கட்டிய ஒலிபெருக்கி, டீ. டீயை நிஜ விலைக்கே எழுதுங்கள். மொத்தம் இருபதாயிரத்தைத் தாண்டாமல் பார்த்துக்கொண்டால் அதிகாரி தலையைத் தூக்காமல் வாங்கிக்கொள்வார். இரண்டாவது தாளைச் சேமிக்காதீர்கள்.

இரண்டாவது தாளில் என்ன வரும் என்று தெரிந்துகொள்வதில் தப்பில்லை. கிழக்குத் தெருவுக்குப் புடவை என்றால் மேற்குத் தெருவுக்கும் புடவை, அதே ரகத்தில். இங்கேதான் பெரிய ஊர்களில் நடக்காத ஒரு சிக்கல் வரும். சென்னையில் ஒரு தெருவுக்குக் கொடுத்தது அடுத்த தெருவுக்குத் தெரிய ஒரு நாள் ஆகும். ஊரில் அரை மணி நேரம் போதும், அதுவும் கலரோடு. “அவளுக்கு மட்டும் ஜரிக வச்சதா?” என்று ஒரு அம்மாள் வந்து நின்றால் அந்த வீட்டு ஐந்து ஓட்டும் போயிற்று. பால் குடம் எடுக்கும் நாளில் எல்லோரும் அந்தப் புடவையைக் கட்டிக்கொண்டு வருவார்கள். யார் யாரிடம் வாங்கினார்கள் என்பது ஊர்வலமாகவே போகும். இரண்டு பக்கமும் வாங்கியவர்கள் மட்டும் பழைய புடவையில் வருவார்கள், நாசூக்கு தெரிந்தவர்கள்.

கிராமத்தைக் கேலி செய்துகொண்டு சென்னைக்காரர்கள் தப்பித்துவிட முடியாது. 2017 ஏப்ரலில் பணப்பட்டுவாடா புகாரில் ஆர்.கே.நகர் இடைத்தேர்தலையே நிறுத்தினார்கள். ஒரு வித்தியாசம் உண்டு. ஆர்.கே.நகரில் கொடுத்தவன் முகம் வாங்கியவனுக்கு மறந்துபோகும். ஊரில் கொடுத்தவர் சித்தப்பா. தோற்றுப்போன சித்தப்பா நாலு வருடம் கழித்து உங்கள் தங்கை கல்யாணத்தில் பந்தியில் வைத்து அதைச் சொல்லிக்காட்டுவார்.

ஏழாம் படி: ஊர்க்கூட்டம் போட்டால் சென்னையிலேயே இருங்கள்

மனுத் தாக்கலுக்கு முன்னால் ஒரு ராத்திரி கோயிலில் கூட்டம் போடுவார்கள். “எதுக்கு வீண் செலவு, ஒத்துமையா ஒருத்தர ஏத்துக்கலாம்” என்று ஒரு பெரியவர் ஆரம்பிப்பார். கேட்க நன்றாக இருக்கும். 2019-ல் ஆயிரக்கணக்கானவர்கள், பெரும்பாலும் வார்டு உறுப்பினர்கள், போட்டியில்லாமல் தேர்வானார்கள். அதில் பாதி உண்மையாகவே வேறு ஆள் கிடைக்காததால் இருக்கலாம். ஆனால் அடுத்த வாக்கியத்தில் பெரியவர், “கோயிலு கோபுர வேல பாக்கி கெடக்குது” என்றால் அது ஏலம். யார் அதிகம் தருகிறாரோ அவர் தலைவர். ஏலம் எடுத்தவர் ஊருக்குத் தானம் செய்தவராகிவிடுவார், ஓட்டுப் போட இருந்தவர்களுக்கு ஒரு கோபுரம் கிடைக்கும். பதவி ஏலம் குற்றம் என்று தேர்தல் ஆணையமும் ஆட்சியர்களும் ஒவ்வொரு முறையும் எச்சரிக்கிறார்கள். அந்த ராத்திரி போன் வந்தால் உங்களுக்கு நைட் ஷிப்ட்.

எட்டாம் படி: வேன்

வாக்காளரை இலவசமாக வண்டியில் ஏற்றிப் போவது தேர்தல் முறைகேடு. எனவே வேனின் முன்பக்கத்தில் “காதணி விழா” என்று ஒரு பேனர் கட்டிக்கொள்ளுங்கள். முந்தின நாள் ராத்திரி அம்பத்தூரில் கிளம்பி, கோயம்பேடு, வடபழனி, கிண்டி, பெருங்களத்தூர் என்று ஆள் ஏற்ற வேண்டும். கோயம்பேட்டில் பஸ் ஸ்டாண்டுக்கு எதிரேதான் மாநிலத் தேர்தல் ஆணைய அலுவலகம். அதன் வாசலில் நிறுத்தி ஏற்றாமல் நாலு கடை தள்ளி நிறுத்துவது மரியாதை.

ஜன்னல் சீட்டுக்குத்தான் முதல் சண்டை. அதைத் தீர்க்க முயலாதீர்கள், அந்தச் சண்டையில் தோற்றவர் ஊரில் இறங்கியதும் எதிர் கோஷ்டிக்குப் போவார் என்று தெரிந்தால் இரண்டு பேரையும் டிரைவர் பக்கத்தில் உட்காரவையுங்கள். பரனூர் டோல்கேட்டில் பறக்கும் படை நிறுத்தினால் இப்படி நடக்கும்:

“எங்க போறீங்க?”

“காதுகுத்துங்க சார்.”

“யாருக்கு?”

வேனில் இருக்கும் மூன்று குழந்தைகளையும் மூன்று பேர் காட்டுவார்கள். அதில் ஒன்றுக்கு ஏற்கெனவே தோடு இருக்கும். “அதுக்கு ரெண்டாந்தடவைங்க” என்று பின்சீட்டுப் பாட்டி சொல்லும். அதிகாரி சிரித்துவிட்டால் பிழைத்தீர்கள். அவருக்கும் ஒரு ஊர் இருக்கும், அங்கேயும் ஒரு மாமா நிற்பார்.

சாப்பாடு மதுராந்தகம் தாண்டி. பிரியாணிக்கு முன்பணம் கொடுத்துவிடுங்கள், ஏனென்றால் பல்லாவரத்துக்காரன் வேனும் அதே கடைக்குத்தான் வரும். இரண்டு வேன் ஆட்களும் ஒன்றாக உட்கார்ந்து சாப்பிட்டு, ஊர்க்கதை பேசி, சிலர் வண்டி மாறி ஏறிவிடுவார்கள். கிளம்பும்போது தலையை எண்ணுங்கள்.

ஒன்பதாம் படி: நாலு கலர்

ஊரகத் தேர்தலில் எந்திரம் கிடையாது, சீட்டும் பெட்டியும்தான். ஒருவருக்கு நான்கு ஓட்டு. வார்டு உறுப்பினருக்கு வெள்ளை, ஊராட்சித் தலைவருக்கு இளஞ்சிவப்பு, ஒன்றிய வார்டுக்குப் பச்சை, மாவட்ட வார்டுக்கு மஞ்சள். வேனில் வரும்போதே இதை எல்லோருக்கும் சொல்லித் தாருங்கள். சட்டமன்றத்துக்கு பட்டன் அழுத்திப் பழகிய சென்னைக்காரர்கள் நாலு சீட்டைப் பார்த்ததும் திகைத்து, ரோஸ் சீட்டில் இரண்டு சின்னத்திலும் குத்திவிட்டு வருவார்கள். இருவருக்கும் வாக்குக் கொடுத்திருந்த நேர்மையாளர்கள் அதை வேண்டுமென்றே செய்வதும் உண்டு. இரண்டுக்கும் குத்தினால் செல்லாது.

சாவடிக்குள் முகவராக உங்கள் பெரியப்பா உட்கார்ந்திருப்பார். நீங்கள் சீட்டை மடிக்கும் வேகத்தை வைத்தே யாருக்குப் போட்டீர்கள் என்று சொல்லிவிடுவார். ரகசிய வாக்குரிமையை நம்பி அவர் கண்ணைப் பார்க்காதீர்கள்.

பத்தாம் படி: ஜெயித்த பிறகுதான் தேர்தல்

எண்ணி முடிக்க மறுநாள் விடிந்துவிடலாம். கலர் கலராகப் பிரித்து, கட்டுக் கட்டி, எதிர்ப்பு தெரிவித்து, மறுபடி எண்ணுவார்கள். சமமாக வந்தால் குலுக்கல். அத்தை ஜெயித்தார் என்றே வைத்துக்கொள்வோம். மாலை மாமா கழுத்தில் விழும்.

உடனே வேனைத் திருப்பி அனுப்பிவிடாதீர்கள். ஊராட்சிக் கணக்கில் காசோலைக்குத் தலைவர், துணைத் தலைவர் இருவரும் கையெழுத்துப் போட வேண்டும். துணைத் தலைவரைத் தேர்ந்தெடுப்பது வார்டு உறுப்பினர்கள். 2021-ல் அக்டோபர் 12 அன்று ஓட்டு எண்ணினார்கள், துணைத் தலைவர் தேர்தல் 22-ம் தேதி. இடையில் இருந்த பத்து நாளில் வார்டு உறுப்பினர்கள் பலருக்குத் திடீரென்று ஊட்டி, ஏற்காடு பார்க்க ஆசை வந்திருக்கும். எண்ணூற்றுச் சொச்சம் பேர் உள்ள ஊரின் மூன்றாவது வார்டு உறுப்பினர், வாழ்க்கையில் செங்கல்பட்டைத் தாண்டாதவர், ரிசார்ட்டில் நீச்சல் குளத்தின் பக்கத்தில் வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு நிற்கும் படம் வாட்ஸ்அப்பில் வரும். அவருக்கு அறை போட்டது உங்கள் கிரெடிட் கார்டாக இருக்கலாம். ஸ்டேட்மென்டைப் பாருங்கள்.

பதினொன்று: கிராம சபை

ஜனவரி 26, மே 1, ஆகஸ்ட் 15, அக்டோபர் 2 என்று இருந்ததோடு மார்ச் 22, நவம்பர் 1 சேர்ந்து இப்போது வருடத்துக்கு ஆறு. ஐந்நூறு பேர் உள்ள ஊருக்கு ஐம்பது பேர் வர வேண்டும், மூவாயிரம் வரை நூறு பேர். வந்தவர்கள் என்பது கையெழுத்துப் போட்டவர்கள். நீங்கள் போனால் வரவு செலவுப் பலகையைப் படித்து ஒரு கேள்வி கேளுங்கள். தலைவர் நாற்காலியில் இருக்கும் அத்தை வாயைத் திறப்பதற்குள் பின்னாலிருந்து மாமா பதில் சொல்வார். “தலைவர் சொல்லட்டும்” என்று ஒரு பெண் எழுந்து சொன்னால் கை தட்டுங்கள். அத்தையும் தட்டுவார் என்று நினைக்கிறேன்.

கடைசிப் படி: கணக்கைக் கொடுங்கள்

முடிவு வந்து 30 நாளுக்குள் வேட்பாளர் செலவுக் கணக்கைத் தாக்கல் செய்ய வேண்டும், ஜெயித்தாலும் தோற்றாலும். முதல் தாளை அச்செடுத்து, ரசீதுகளை ஒட்டி, அத்தையிடம் கையெழுத்து வாங்கிக் கொடுத்துவிடுங்கள்.

எந்த வெற்றிக் கூட்டத்திலும் ஒருவர் உத்திரமேரூரை இழுப்பார். சென்னையிலிருந்து இரண்டு மணி நேரத்தில் போய்விடலாம். பராந்தகச் சோழன் காலத்துக் கல்வெட்டு, ஆயிரத்து நூறு ஆண்டுப் பழமை, குடவோலை, முப்பது குடும்பு (அந்தக் காலத்து வார்டு), சிறுவன் குடத்திலிருந்து ஓலை எடுத்தது எல்லாம் சொல்வார்கள். அந்தக் குடத்தில் எல்லோர் பெயரும் விழவில்லை, சொந்த நிலமும் வேதப் படிப்பும் உள்ளவர் பெயர்தான் விழும் என்பதைச் சொல்லமாட்டார்கள். இன்னொன்றையும் விட்டுவிடுவார்கள். முன்பு வாரியத்தில், அதாவது ஊர்ச் சபையின் குழுவில், இருந்து கணக்குக் காட்டாதவன் பெயரைக் குடத்தில் இடக் கூடாது. அவன் மட்டுமில்லை. அவன் தகப்பன், மகன், உடன்பிறந்தான், மாமன், மாமனார், மருமகன் என்று கல்வெட்டு ஒரு சொந்தபந்தப் பட்டியலையே போட்டு எல்லோரையும் சேர்த்து விலக்குகிறது. அந்தச் சட்டம் இன்றும் இருந்தால் நம் ஊரில் நிற்க வெளியூரிலிருந்துதான் ஆள் கொண்டுவர வேண்டும். சென்னை மருமகனும் காலி.

இப்போதைய சட்டம் அவ்வளவு கொடுமை இல்லை. கணக்குத் தராவிட்டால் மூன்று ஆண்டுக்குத் தகுதி இழப்பவர் வேட்பாளர் ஒருவர்தான், அதாவது அத்தை. செலவழித்த மாமாவின் பெயர் அந்தப் படிவத்தில் எங்கேயும் வராது. அடுத்த முறை பதவி பொதுவுக்கு மாறினால் அவர் தாராளமாக நிற்கலாம்.